வீட்டில் தமிழ், மேடையில் கன்னடம்

1945-ஆம் ஆண்டில் கன்னட சாகித்திய சம்மேளனம் சென்னையில் கூடிற்று. கன்னட எழுத்தாளர்கள் ஒன்றுகூடும் பேரவை அது. அதற்குத் தலைமை தாங்குவதை ஓர் எழுத்தாளர் தம் வாழ்நாளில் அடையக்கூடிய பெருஞ்சிறப்பாகக் கன்னட நாட்டார் கருதுவர். அவ்வாண்டு அப்பீடத்தில் அமர்ந்தவர் தியாகராஜ பரமசிவ கைலாசம் என்னும் நாடகாசிரியர். அவருடைய வீட்டு மொழி தமிழ். தமிழ்ப் பெருநகரில் நடந்த கன்னட மாநாட்டுக்குத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்த ஒருவர் தலைவராக வந்தார். வந்தது தமிழின் விருந்தினராக அன்று. கன்னடத்தின் தலைமகனாகவே வந்தார்.

வெளி மாநிலங்களில் குடியேறி வாழும் நம்மவர்க்கு இச்செய்தி இருவிதமாகப் படும். நம்மில் ஒருவர் அயல் மொழியில் இத்துணை உயர்ந்தாரே என்னும் பெருமை ஒரு புறம். அந்தப் பேராற்றல் தமிழுக்கு வாய்க்காமற் போயிற்றே என்னும் ஏக்கம் மறு புறம். கைலாசத்தைப் பற்றிப் பேசும் போதெல்லாம் இவ்விரண்டு உணர்ச்சிகளும் நம் உள்ளத்தில் மாறி மாறி எழுவதை மறைப்பதற்கில்லை. இவற்றுள் எது தக்கது என்பதை ஆராய, பெங்களூர் நாடக மேடையின் வரலாற்றைச் சிறிது திரும்பிப் பார்த்தல் வேண்டும். 2014-ஆம் ஆண்டு முதல் அந்நகரின் அரசாங்கப் பெயர் பெங்களூரு என்பதாகும். நாம் பழகிய பெயராலேயே இங்கு வழங்குவோம்.

கன்னட நாட்டுக்கும் தமிழ் மேடைக்கும் உள்ள கொடுக்கல் வாங்கல் கைலாசத்துக்கு முற்பட்டது. 1891-ஆம் ஆண்டில் பல்லாரி நகரிலிருந்து கிருஷ்ணமாசார்லு என்பவர் தம்முடைய சரச வினோதினி சபையாருடன் சென்னைக்கு வந்து தெலுங்கு நாடகங்களை ஆடிக் காட்டினார். வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் வேடம் புனைந்து மேடை ஏறியதைக் கண்டு வியந்த இளைஞர்களுள் பம்மல் சம்பந்த முதலியார் ஒருவர். சிறு வயதில் தமிழ் நாடகங்களை வெறுத்தவர் அவர். இதனைத் தம் நினைவுக் குறிப்புகளில் அவரே ஒளிவின்றிச் சொல்லியிருக்கிறார். அவ்வாண்டே சென்னையில் சுகுண விலாச சபை தோன்றிற்று. கற்றோர் நடிக்கலாகாது என்றிருந்த வழக்கம் தமிழகத்தில் உடைந்தது. இன்று கர்நாடகத்தைச் சேர்ந்த ஓர் ஊரிலிருந்து, தெலுங்கு மொழியின் வாயிலாக, தமிழ் நாடகத்துக்குப் புத்துயிர் வந்தது என்பதை நாம் மறக்கலாகாது. கைலாசத்தின் கணக்கை எழுதுமுன் இந்தப் பழைய வரவையும் ஏட்டில் பதிந்துகொள்வது நியாயம்.

பெங்களூரிலோ நிலைமை வேறு. 1809-ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் ஸ்ரீரங்கப்பட்டணத்திலிருந்து தங்கள் படையைக் கொணர்ந்து இங்கே தண்டு அமைத்தனர். படையினராகவும், படைக்குப் பொருள் வழங்குவோராகவும், கட்டட வேலை செய்வோராகவும், வீட்டுப் பணியாளராகவும் ஆர்க்காட்டுச் சீமைத் தமிழர் பெருந்திரளாக வந்து குடியேறினர். அலசூரும் இன்றைய சிவாஜி நகரும் அவ்வாறு வளர்ந்தவை. மேற்கே மைசூர் மன்னரின் ஆட்சியில் பழைய பேட்டை. கிழக்கே ஆங்கிலேயரின் ஆட்சியில் தண்டு. இரண்டும் 1949-ல்தான் ஒரே நகராட்சியாக இணைந்தன. ஒன்றரை மணி நேரம் நடந்தால் கன்னடம், தெலுங்கு, தமிழ், உருது, மராத்தி, ஆங்கிலம் ஆகிய ஆறு மொழிகளும் காதில் விழும் ஊர் அது.

இத்தகைய ஊரில் கொட்டகை போட்டு நாடகம் நடத்தும் கம்பெனி முதலாளியின் கவலை என்னவாயிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். நாள்தோறும் கொட்டகை நிறைய வேண்டும். வருவோரில் பலர் வேற்று மொழியினர். வசனத்தை நம்பிப் பயனில்லை. பாட்டும், ஆடையணியும், மேடைத் தந்திரமுமே எல்லோருக்கும் பொதுவான மொழி. அந்தப் பொது மொழியில் வல்லவர் குப்பி வீரண்ணா.

தும்கூர் மாவட்டத்துக் குப்பி என்னும் சிற்றூரில் 1884-ஆம் ஆண்டில் தொடங்கிய சன்னபசவேசுவர நாடகக் கம்பெனியில் அவர் பாலனாகச் சேர்ந்தார். பின்னர் அதற்கே உரிமையாளரானார். ‘சதாரமெ’ நாடகத்தில் அவர் ஏற்ற திருடன் வேடம் அவருக்குப் பெரும் புகழ் ஈட்டித் தந்தது. அந்நாடகக் கதை நமக்கும் அயலானதன்று. தமிழ் மேடையில் ‘சதாரம்’ என்று வழங்கியது அதுவே. 1935-ஆம் ஆண்டில் அக்கதை கன்னடத்திலும் தமிழிலும் தனித்தனியே பேசும் படமாக வெளிவந்தது. கன்னடப் படம் பிடிக்கப்பட்ட இடம் நம் கோயம்புத்தூர்.

வீரண்ணாவின் ‘குருட்சேத்திரம்’ 1934-ல் மேடையேறியபோது மெய்யான யானைகளையும் குதிரைகளையும் அவர் அரங்கில் கொணர்ந்து நிறுத்தினார். இதனை வெறும் ஆடம்பரம் என்று சொல்லிவிடுவார் உளர். நாம் அவ்வாறு கருதவில்லை. அதே ஆண்டில்தான் ‘சதி சுலோசனா’ என்னும் முதல் கன்னடப் பேசும் படம் வெளிவந்தது. அப்படத்தின் கதாநாயகர் சுப்பையா நாயுடுவும் நாடக மேடையிலிருந்து வந்தவரே. திரையிலே நிழல் யானை நடக்கத் தொடங்கிய காலத்தில், இதோ உயிருள்ள யானை என்று காட்ட வேண்டிய நெருக்கடி ஒரு நாடக முதலாளிக்கு ஏற்பட்டது வியப்பன்று. நூற்றுக்கணக்கானோருக்குச் சோறு போடும் பொறுப்பு அவர் தோளில் இருந்தது. ஒரு கம்பெனி ஊர் ஊராகப் பெயர்வதென்றால் திரைகளும், சாமான்களும், சமையற் பாத்திரங்களும், கைக்குழந்தைகளும் சேர்ந்து பெயர வேண்டும். இரண்டு வாரம் விடாமல் மழை பெய்தால் கடன்காரன் வாசலுக்கு வந்து விடுவான். நம் நாட்டு நவாப் ராஜமாணிக்கம் பிள்ளையும் ‘தசாவதாரம்’ முதலிய நாடகங்களில் காட்சித் தந்திரங்களுக்குப் பொருளை வாரி இறைத்தவர்தாம். அவ்விருவரையும் ஒப்பிட்டு எழுதப் புகுந்தால் அதுவே ஒரு தனி நூலாகும்.

வீரண்ணாவின் கம்பெனி ஒரு பள்ளிக்கூடமாகவும் விளங்கிற்று. சிங்காநல்லூர் புட்டசாமய்யா என்னும் நடிகர் அங்கே இருந்தார். அவருடைய மகன் முத்துராஜ் 1929-ல் பிறந்த காஜனூர் அன்று சென்னை ராஜதானியில் இருந்தது. இன்று நம் ஈரோடு மாவட்டத்துத் தாளவாடிப் பகுதியில் இருக்கிறது. கன்னடமே வீட்டு மொழியான அச்சிறுவன் மேடையில் வளர்ந்து, 1954-ஆம் ஆண்டில் ‘பேடர கண்ணப்பா’ படத்தில் ராஜ்குமார் என்னும் பெயரோடு கதாநாயகன் ஆனான். குப்பி கம்பெனியாரோடு கூடி அப்படத்தை எடுத்தவர் நம் ஏவி. மெய்யப்பர். கதையோ, பெரிய புராணத்தில் நாம் படித்த கண்ணப்ப நாயனார் சரிதம். கன்னட மக்கள் தம் உயிரினும் மேலாகப் போற்றிய ஒரு நடிகரின் முதற் பெரும் வேடம் தமிழ் அடியார் ஒருவருடையது! எல்லைக் கோடு போடுவோர் இத்தகைய இடங்களில் சற்றுத் திகைக்கத்தான் வேண்டியிருக்கும்.

இனிக் கைலாசத்திடம் வருவோம்.

அவர் 1884-ஆம் ஆண்டில் பிறந்தவர். தந்தையார் பரமசிவ ஐயர் மைசூர் சமஸ்தானத்தில் நீதிபதி. இராமாயணத்து இலங்கை எங்கே இருந்தது என்று நூல் எழுதி வாதாடிய அளவுக்கு ஆராய்ச்சிப் பித்துக் கொண்டவர். மகனைச் சென்னையில் நிலவியல் படிக்க வைத்தார். மேற்படிப்புக்கு லண்டனுக்கும் அனுப்பினார். மகன் அங்கே பாறைகளைப் பயின்றதைக் காட்டிலும் நாடக அரங்குகளைப் பயின்றதே மிகுதி என்று கூறுவர். 1915-ல் நாடு திரும்பி, மைசூர் நிலவியல் துறையில் சில ஆண்டுகள் பணி செய்தார். பின் அவ்வேலையை உதறினார். உத்தியோகமே மனிதனுக்கு அடையாளம் என்று கருதிய ஒரு சமூகத்தில், அதுவும் ஒரு நீதிபதியின் வீட்டில், அது எத்தகைய பேச்சுக்கு இடங்கொடுத்திருக்கும் என்பதை விவரிக்க வேண்டுவதில்லை.

1918-ல் அவர் இயற்றிய முதல் நாடகம் ‘டொள்ளு கட்டி’. டொள்ளு என்றால் உள்ளீடற்றது. கட்டி என்பது நம்முடைய கெட்டிதான். பரீட்சையில் முதல்வனாகத் தேறுபவன் ஒரு பிள்ளை. படிப்பில் பின்தங்கியவன் மற்றொருவன். வேளை வரும்போது இவ்விருவருள் உள்ளீடற்றவன் யார், கெட்டியானவன் யார் என்பதே நாடகம். அரக்கர் இல்லை, அரசர் இல்லை, திரைச்சீலையில் தீட்டிய நந்தவனம் இல்லை. ஒரு நடுத்தரக் குடும்பத்தின் கூடம் மட்டுமே மேடையில் இருந்தது. அந்தக் கூடத்தில் இருந்தவர்கள், அரங்கிலே அமர்ந்திருந்தவர்கள் வீட்டில் எவ்வாறு பேசினார்களோ அவ்வாறே பேசினார்கள்.

அதே 1918-ல்தான் மதுரையில் சங்கரதாஸ் சுவாமிகள் பாலர்களைக் கொண்டு தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். பாட்டாலும் சந்தத்தாலும் நிறைந்த நாடகத்தை அங்கே அவர் செப்பம் செய்துகொண்டிருந்த வேளையில், இங்கே கைலாசம் பாட்டையே விலக்கிப் பேச்சை மேடையேற்றினார். இரண்டும் நாடகக் கலைக்கு வேண்டியவைதாம். ஆயினும் பேச்சை நம்பி நாடகம் நடத்துவது கம்பெனிகளால் இயலாத காரியம். அதனைச் செய்ய முடிந்தது அமெச்சூர் சபைகளால். பகலில் அலுவலகம் சென்று சம்பளம் வாங்குவோர் மாலையில் வேடம் புனைந்தார்கள். நாடகம் தோற்றால் அவர்கள் வீட்டு அடுப்பு அணைந்து போவதில்லை. கைலாசத்தின் துணிவுக்குப் பின்னே இந்த எளிய பொருளாதார உண்மையும் உண்டு. வீரண்ணாவைக் குறைத்துக் கைலாசத்தை உயர்த்துவோர் இதனை எண்ணிப் பார்ப்பதில்லை.

கைலாசத்தின் கன்னடம் பண்டிதர்களுக்கு உவப்பாயிருக்கவில்லை. பாதி கன்னடம், பாதி ஆங்கிலம். ஆங்கிலம் படித்த வக்கீலும் அவர் மனைவியும், பள்ளிப் பிள்ளையும் சமையற்காரனும் தத்தம் நாக்குக்கு ஏற்ப அக்கலவையைக் குழைத்துப் பேசுவார்கள். ‘ஹோம் ரூலு’ என்று ஒரு நாடகம். தேசத்தில் எழுந்த சுயாட்சிக் கூக்குரலைப் புருஷன் பெண்சாதி சண்டையில் கொண்டு வைத்தது. ‘பண்ட்வாள்வில்லத படாயி’ என்று ஒன்று. முதலே இல்லாமல் அடிக்கும் ஜம்பம் என்பது பொருள். ஒருவனுடைய வண்டவாளம் வெளிப்பட்டது என்று நாம் சொல்கிறோமே, அந்த வண்டவாளமும் இந்தப் பண்ட்வாளும் உறவு முறைச் சொற்கள். ‘போலி கிட்டி’ என்று மற்றொன்று. இங்கேதான் தமிழர் ஏமாறுவர். நமக்குப் போலி என்றால் பொய்யானது. கன்னடத்தாருக்குப் போலி என்பவன் சொன்னதைக் கேளாது சுற்றித் திரியும் போக்கிரிப் பையன். பெங்களூருக்கு வந்த புதிதில் இச்சொல்லைத் தவறாகப் புரிந்துகொண்டு நகைப்புக்கு இடமானோர் நம்மில் பலர்; நாமும் அதற்கு விலக்கல்லோம்.

நம்முடைய பம்மல் முதலியாரின் ‘சபாபதி’யைப் படித்தவர்கள், பார்த்தவர்கள், கைலாசத்தின் நகைச்சுவையை எளிதில் இனங்கண்டுகொள்வர். எனினும் ஒரு வேறுபாடு உண்டு. சபாபதியைக் கண்டு சிரித்துவிட்டு நாம் நிம்மதியாக வீடு திரும்பலாம். கைலாசத்தின் நாடகத்தில் சிரித்தவர், வீட்டுக்கு வந்து வாயைத் திறந்ததும் தாமே அதில் ஒரு பாத்திரம் என்று உணர்ந்திருப்பார். ‘சூளெ’ என்னும் நாடகத்தில் பொது மகளிர் ஒருத்தியை இகழாமல், அவளை இகழ்ந்த சமூகத்தை அவர் கேள்வி கேட்டார். அன்று அதற்கு மிகுந்த நெஞ்சுரம் வேண்டும்.

அவர் எழுதுகோலைத் தொடுவது அரிது. நாடகம் முழுவதும் நினைவில் இருக்கும். நண்பர் குழாத்தில் எல்லா வேடங்களையும் தாமே பேசி நடித்துக் காட்டுவார். யாரேனும் எழுதிக்கொண்டால் உண்டு. இவ்வாறு நண்பர்கள் கைப்பட எழுதியவையே இன்று நமக்கு எஞ்சியவை. முதல் உலகப் போரில் ஆங்கிலச் சிப்பாய்கள் பாடிய டிப்பரெரிப் பாட்டை எடுத்து, அந்த அயர்லாந்து ஊருக்கு ஈடாக ஒரு கன்னடப் பட்டிக்காட்டுப் பெயரை வைத்து அவர் பாடிய வேடிக்கைப் பாட்டு வாய்வழியாகவே நாடெங்கும் பரவிற்று.

இத்தகைய மனிதர் மகாபாரதத்தைத் தொட்டபோது மொழியை மாற்றிக்கொண்டார். ஏகலைவனையும் கர்ணனையும் கீசகனையும் பற்றிய அவருடைய நாடகங்கள் ஆங்கிலத்தில் அமைந்தவை. வீட்டுக் கூடத்தை நகையாடக் கன்னடம். காவிய மாந்தரின் துயரைச் சொல்ல ஆங்கிலம். அப்படியாயின் தமிழ் அவருக்கு எதற்குப் பயன்பட்டது? மேடைக்கு வராத பேச்சுகளுக்குப் பயன்பட்டிருக்கும்: தாயிடம் சோறு கேட்கவும், உறவினரோடு வழக்காடவும். மேடை மொழியாக அவர் எதைக் கொண்டாரோ அது அவர் ஊரார் மொழி. அவருக்குச் சிரிக்க வேண்டிய கூட்டம் பெங்களூரிலும் மைசூரிலும் இருந்தது. அக்கூட்டத்தின் காதுக்கு அவர் எழுதினார். தமிழில் எழுதியிருந்தால் அவருக்குத் தெரியாத ஓர் ஊரைக் கற்பனை செய்து எழுத வேண்டியிருந்திருக்கும். ஆகவே முன்னர்ச் சொன்ன ஏக்கம் நமக்குச் சிறிது தணிகிறது. முற்றும் தணிந்ததென்று சொல்வதற்கில்லை.

அவர் தனி ஒருவரும் அல்லர். ‘காகன கோட்டெ’ முதலிய நாடகங்களை இயற்றி, 1983-க்குரிய ஞானபீடப் பரிசு பெற்ற மாஸ்தி வெங்கடேச ஐயங்காரின் தாய்மொழி தமிழ். ‘கோகுல நிர்கமன’ என்னும் இசை நாடகம் தந்த புதின நரசிம்மாசாரியார் மேல்கோட்டைத் தமிழ் வைணவக் குடியினர். நாம் பேசும் இவ்வானொலிக்கு வழங்கும் ஆகாசவாணி என்னும் பெயரும் மைசூர்ப் பேராசிரியர் கோபாலசுவாமி 1935-ல் தம் வீட்டில் தொடங்கிய நிலையத்துக்கு இட்ட பெயரே. வானொலி நாடகமும் அவ்வழியே கன்னட நாட்டில் வேரூன்றிற்று.

கைலாசம் சென்னை மாநாட்டுக்கு மறு ஆண்டு, 1946 நவம்பரில், பெங்களூரில் காலமானார்.

அதன் பின்னர் வந்த மாறுதல்களை விரைந்து சொல்லிவிடலாம். தாகூர் நூற்றாண்டு நினைவாக எழுந்த ரவீந்திர கலாக்ஷேத்திரம் 1963-ல் திறக்கப்பட்டது. குப்பி கம்பெனியில் சிறுவனாக அடைக்கலம் புகுந்து, வீரண்ணாவின் உதவியால் காசிக்குச் சென்று படித்த பி. வி. காரந்த், 1972-ல் கலாக்ஷேத்திர வளாகத்துத் திறந்த வெளியில் நாடகங்களை நிகழ்த்தி இளைஞரை ஈர்த்தார். யானையை மேடையேற்றிய முதலாளி, யானையே வேண்டாத ஒரு மேடைக்கும் ஆளைத் தயாரித்து அனுப்பியிருக்கிறார் என்பது நினைக்க இன்பம் தருவது. புதினவின் இசை நாடகத்தை மேடையேற்றியவரும் அவரே. கிரீஷ் கர்னாட் 1963 முதல் 1970 வரை சென்னையில் ஒரு பதிப்பகத்தில் பணிபுரிந்தவர். அவருடைய ‘ஹயவதனம்’ ஆங்கில வடிவில் 1972-ல் சென்னை மியூசியம் தியேட்டரில் அரங்கேறிற்று. மறைந்த நடிகர் சங்கர் நாகின் நினைவாக அவர் மனைவியார் அருந்ததி நாக் பல்லாண்டு முயன்று பெங்களூரில் எழுப்பிய ரங்கசங்கரம் 2004-ல் திறக்கப்பட்டது. பல மொழி நாடகங்களுக்கும் அங்கே இடமுண்டு. குறித்த நேரத்துக்கு ஒரு நிமிடம் பிந்தினாலும் கதவு திறவாது. இந்த ஒரு விதியை நம் சபாக்கள் கைக்கொண்டால் எத்துணை நலமாயிருக்கும்!

தமிழர்க்கென 1950-ல் தோன்றிய பெங்களூர்த் தமிழ்ச் சங்கம் அலசூர் ஏரிக்கு அருகில் இருக்கிறது. நம்மவர் நாடகங்களைக் கண்டு களிக்கத் தவறியதில்லை. ஆயினும் நாம் பார்த்த அளவில், கூட்டம் பெருகுவது சென்னையிலிருந்து குழுவினர் வரும்போதுதான். அந்நாடகங்களில் வருவது மயிலாப்பூரும் மாம்பலமும். அலசூர்த் தெருவில் கன்னடக்காரனிடம் பேரம் பேசிவிட்டு, மகனைக் கன்னடப் பாடத்தில் தேறாததற்காகத் தமிழில் ஏசிவிட்டு, பக்கத்து வீட்டுத் தெலுங்கு அம்மாளிடம் மூன்று மொழியையும் கலந்து அந்தக் குறையைச் சொல்லும் பெண்மணி மேடையில் வரக் கண்டோமில்லை. கைலாசத்தின் காதில் அப்பேச்சு விழுந்திருந்தால் ஒரே இரவில் ஒரு நாடகம் சொல்லியிருப்பார். எழுதிக்கொள்ள ஒரு நண்பர்தான் வேண்டும்.

கைலாசத்தையே ஒரு பாத்திரமாக்கி, டி. என். நரசிம்மன் எழுதிய ஒரு நாடகத்தில், சி. ஆர். சிம்மா என்னும் பெரு நடிகர் தனி ஒருவராக நின்று பலமுறை நடித்தார். மாஸ்தியின் ‘காகன கோட்டெ’யைத் திரைப்படமாக்கியவரும் அவரே. சிம்மா 2014-ல் மறைந்தார். கைலாசத்தின் சிறு நாடகங்கள் இன்றும் கல்லூரிப் பிள்ளைகளால் ஆடப்படுகின்றன. அரங்கில் அமர்ந்து பார்க்கையில் பெரும்பாலான இடங்களில் நாமும் மற்றவரோடு சேர்ந்தே சிரிக்கிறோம். ‘போலி’ என்னும் சொல் வரும்போது மட்டும் நமக்கு ஒரு நொடி பிந்திவிடுகிறது.